முகத்துக்குச் சம்பளம்

'குணச்சித்திர நடிகர்' என்று தமிழில் ஒரு சொல் வழங்குகிறது. கதாநாயகன், வில்லன், கோமாளி என்ற மூன்று பெட்டிகளிலும் அடங்காத மனிதர்களைத் திரைக்குக் கொண்டுவருபவரை அப்படி அழைக்கிறோம். ஒரு குணம், அதன் சித்திரம். சொல்லில் குறையில்லை. ஆனால் 1940களின் ஹாலிவுட்டில் பிழைத்த ஒரு சீனருக்கு இந்தச் சொல்லைப் போட்டுப் பார்த்தால் இரண்டு பாதியும் உதிர்ந்துவிடுகின்றன. அங்கே அவரிடம் யாரும் குணத்தையும் கேட்கவில்லை, சித்திரத்தையும் கேட்கவில்லை. முகத்தைக் கேட்டார்கள். அதற்குச் சம்பளம் கொடுத்தார்கள்.

நான் சொல்ல வருவது எச். டி. சியாங்கைப் பற்றி. கவிதை எழுதினார், நாவல் எழுதினார், சொந்தக் காசில் அச்சிட்டார், கூட்டம் கூட்டமாகப் போய் விற்றார். பிறகு இருபது வருஷத்துக்குமேல் சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் சமையல்காரராகவும் துரோகியாகவும் வேலைக்காரராகவும் வந்து போனார். 1971-ல் லாஸ் ஏஞ்சலஸில் இறந்தார். 2013-ல் கயா பிரஸ் அவருடைய 'யூனியன் சதுக்கத்தில் தூக்கு' நாவலை மறுபதிப்பாகக் கொண்டுவந்தது. 2019-ல் அதே நாவல் பெங்குவின் கிளாசிக்ஸ் வரிசையில் ஏறியது. அன்றிலிருந்து அவர் 'மறக்கப்பட்ட மேதை' ஆகியிருக்கிறார். இந்தப் பட்டத்தின் பேரில்தான் எனக்குச் சண்டை. பதிப்பித்தவர்களோடு சண்டையில்லை. அவர்கள் தேடி எடுக்காவிட்டால் நானோ நீங்களோ அந்த நாவலைக் கண்ணால் பார்த்திருக்க முடியாது. பதிப்புக்குப் பின்னால் கிளம்பிய பேச்சுதான் பிரச்னை.

அந்தப் பேச்சு மூன்று தினுசாக நடக்கிறது. முதலாவது: புரட்சிக்கவிஞர் ஹாலிவுட்டுக்கு விலைபோனார்; 1937-க்குப் பிறகு அவர் வாழ்வில் இலக்கியம் இல்லை; ஆகவே அந்தப் பகுதியைத் தாண்டிவிடலாம். இரண்டாவது: விலைபோகவில்லை, உள்ளே புகுந்து கலகம் செய்தார், அந்தச் சின்ன வேடங்களில் அவருடைய புருவ அசைவையும் குரல் இழுப்பையும் கவனித்தால் எதிர்ப்பு தெரியும். மூன்றாவது: பாவம், ஒரு மேதையை இனவெறி நசுக்கிவிட்டது; இப்போது நாம் நியாயம் வழங்குகிறோம். மூன்றும் ஒன்றையொன்று மறுப்பதுபோலத் தோன்றும். மூன்றுக்கும் பொதுவாக ஒன்று உண்டு. நடிகராக அவர் வாழ்ந்த காலத்தை வேலையாகப் பார்க்க மூன்றுமே தயாரில்லை. ஒருவருக்கு அது வீழ்ச்சி, ஒருவருக்கு அது சூட்சுமம், ஒருவருக்கு அது தண்டனை. ஒரு மனிதன் காலையில் எழுந்து ஸ்டூடியோவுக்குப் போய் உடுப்பு மாட்டிக்கொண்டு, சொன்ன இடத்தில் நின்று, சொன்னதைச் சொல்லிவிட்டுக் கூலி வாங்கி வந்தான் என்பது எவர் கண்ணிலும் படவில்லை. அவர் நாவல்களோ வேலையைத் தவிர வேறெதைப் பற்றியும் எழுதப்பட்டவை அல்ல.

விவரங்களுக்கு வருகிறேன்.

சியாங் 1899-ல் சீனாவின் ஜியாங்சு மாகாணத்தில் பிறந்தவர். குவோமிண்டாங் கட்சியின் இடதுசாரிப் பிரிவைச் சார்ந்தவர். 1925-ல் சுன் யாட்-சென் இறந்தபின் கட்சி வலப்பக்கம் சாயத் தொடங்கியது. 1926-ல் சியாங் அமெரிக்கா போய்ச் சேர்ந்தார். அப்போது 1882-ம் வருஷத்துச் சீனர் விலக்குச் சட்டம் அமலில் இருந்தது. சீனத் தொழிலாளிக்கு அந்தச் சட்டம் கதவை அடைத்தது. மாணவன், வியாபாரி போன்ற சிலருக்கு மட்டும் சந்து விட்டது. சியாங் மாணவராகப் போனார். முதலில் ஸ்டான்ஃபோர்ட், பிறகு நியூயார்க்கில் கொலம்பியா. ஆக, அமெரிக்காவில் அவர் போட்ட முதல் வேடம் ஹாலிவுட் தந்ததல்ல. குடியேற்ற இலாகா தந்தது. இருபத்தேழு வயதில் கிடைத்த 'மாணவர்' வேடத்தை நாற்பது வயது தாண்டியும் கலைக்க முடியாமல் சுமந்தார். அதைச் சரியாகத் தரித்துவரவில்லை என்பதற்காகத்தான் 1940-ல் அவரை எல்லிஸ் தீவில் அடைத்தார்கள். நாடு கடத்தப் பார்த்தார்கள். தீவிலிருந்து ஓவியர் ராக்வெல் கென்ட்டுக்கு உதவி கேட்டுக் கடிதம் கடிதமாக எழுதினார். இந்தச் சட்டம் 1943 டிசம்பரில் நீக்கப்பட்டது. நீக்கிவிட்டு, வருஷத்துக்கு 105 சீனர் வரலாம் என்று அளந்து கொடுத்தார்கள்.

எழுத்து இதற்கிடையில் நடந்தது. 1929-ல் 'சீனப் புரட்சிக் கவிதைகள்'. 1931-ல் 'சிவப்புச் சீனா', கடிதங்களாலான நாவல். 1935-ல் 'யூனியன் சதுக்கத்தில் தூக்கு'. இவை மூன்றும் சொந்த வெளியீடு. 1937-ல் 'சீனாவுக்கும் கைகள் உண்டு'. இதற்கு மட்டும் ஒரு பதிப்பாளர் கிடைத்தார். ரூத் க்ராஃபோர்ட் சீகர் என்ற நவீன இசையமைப்பாளர் 1932-ல் சியாங்கின் இரண்டு கவிதைகளுக்கு இசையமைத்தார். ஒன்று சாக்கோ, வான்செட்டி பற்றியது. மற்றது சலவைத் தொழிலாளியான சீனனைப் பற்றியது. அந்த நூற்றாண்டின் அமெரிக்கத் தீவிர இசையைப் பற்றிப் பேசுகிறவர்கள் அந்தப் படைப்பைத் தவறாமல் சொல்வார்கள். வரிகளை எழுதியவர் யாரென்று வெகுகாலம் யாரும் கேட்கவில்லை.

வருஷங்களை இன்னொரு பெயரோடு சேர்த்துப் படிக்க வேண்டும். 'சிவப்புச் சீனா' அச்சான அதே 1931-ல் பேர்ல் பக்கின் 'நல்ல நிலம்' வெளிவந்தது. 1932-ல் அதற்குப் புலிட்சர் பரிசு, 1938-ல் ஆசிரியைக்கு நோபல். 'சீனாவுக்கும் கைகள் உண்டு' வந்த அதே 1937-ல் 'நல்ல நிலம்' மெட்ரோ-கோல்ட்வின்-மேயர் படமாகத் திரைக்கு வந்தது. சீன உழவன் வாங் லுங்காக பால் முனி. மனைவி ஓ-லானாக லூயிஸ் ரைனர். ரைனருக்கு அந்த வேடத்துக்காக ஆஸ்கர் கிடைத்தது. அன்று ஹாலிவுட்டில் இருந்த ஒரே சீன-அமெரிக்க நட்சத்திரமான அன்னா மே வாங்குக்கு அந்த வேடம் தரப்படவில்லை. பெரிய வேடங்களுக்கு வெள்ளை முகங்களும் சாயமும். ஓரத்தில் நிற்க மட்டும் சீன முகங்கள்.

சியாங் இதற்குப் பதில் சொன்னது கட்டுரையில் அல்ல, நாவலில். அவருடைய சலவைக்காரனின் பெயர் வாங் வான்-லீ. பெயரிலேயே வாங் லுங்கின் எதிரொலி. கூட வரும் பெண்ணின் பெயர் பேர்ல். தந்தை சீனர், தாய் கறுப்பினத்தவர். பேர்ல் பக்கின் சீனன் மண்ணில் நிற்கிறான். மண்ணைத் தவிர அவனுக்கு எதுவும் வேண்டாம். சியாங்கின் சீனன் நியூயார்க்கில் பிறர் சட்டைகளைத் துவைக்கிறான், பிறகு உணவு விடுதியில் வேலை பார்க்கிறான், கடைசியில் வேலைநிறுத்த மறியலில் சாகிறான். முதலாமவன் நிலக்காட்சியின் ஒரு பகுதி. இரண்டாமவன் கூலி வாங்குபவன். அமெரிக்க வாசகனுக்கு முதலாமவன் பத்தாயிரம் மைல் தள்ளி இருப்பதால் அன்பு செலுத்த ஏற்றவன். இரண்டாமவன் தெருக்கோடியில் இருக்கிறான், கணக்கு கேட்கிறான்.

இந்த இடத்தில் மூன்றாவது கட்சிக்காரர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். சியாங்கை மேதை என்று கொண்டாடி நியாயம் வழங்க வேண்டிய அவசியமில்லை. அவர் எழுத்து சமமில்லாதது. கவிதைகளில் பல, மேடைக் கோஷத்தைத் தாண்டுவதில்லை. 'சிவப்புச் சீனா' சலிப்பூட்டும். அநியாயம் இழைக்கப்பட்டவன் என்பதாலேயே ஒருவன் நல்ல எழுத்தாளன் ஆகிவிடுவதில்லை. இது எல்லா மொழிகளிலும் எல்லோருக்கும் தெரிந்த விஷயம். இருந்தும் மீட்பு விமர்சனம் என்று வரும்போது எல்லோருக்கும் மறந்துபோகிறது. பரிதாபத்தின் பேரில் தரப்படும் மதிப்பு மதிப்பே அல்ல. அது முதுகில் தட்டிக்கொடுப்பது. சியாங்குக்கு அதுவும் வாழ்நாளில் தாராளமாகக் கிடைத்தது.

ஆனால் 'யூனியன் சதுக்கத்தில் தூக்கு' வேறு ஜாதி. பொருளாதார மந்தக் காலத்து நியூயார்க்கில் வேலையில்லாமல் சுற்றும் மிஸ்டர் நட் என்பவனின் கதை. நட் என்றால் கிறுக்கன். அவனைச் சுற்றி மிஸ்டர் வைஸ்கை, மிஸ் ஸ்டப்பர்ன், மிஸ்டர் சிஸ்டம். யாருக்கும் பெயர் கிடையாது, முகமூடிதான். நம் தெருக்கூத்தில் கட்டியங்காரன் அறிமுகம் செய்துவைப்பதுபோல ஒவ்வொருவரும் தன் குணத்தை நெற்றியில் ஒட்டிக்கொண்டு வருகிறார்கள். சொன்ன வாக்கியமே திரும்பத் திரும்ப வருகிறது. உரையாடல் சட்டென்று எதுகைப் பாட்டாகிறது. கதை ஒரு பெரிய காட்சியை நோக்கி நகர்கிறது: பணம் கொடுத்து வந்த சீமான்களின் பொழுதுபோக்குக்காக சதுக்கத்தில் வேலையற்ற ஒருவனைத் தூக்கிலிடும் காட்சி. பட்டினி கிடப்பவனின் சாவுக்கும் டிக்கெட் போடலாம் என்பதுதான் மிஸ்டர் சிஸ்டத்தின் கண்டுபிடிப்பு.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. நட் சீனன் அல்ல. இந்த நாவலில் ஒரு சீனர் அமெரிக்கர்களை எழுதுகிறார்; அதுவும் முகமூடிகளாக எழுதுகிறார். அன்றைய நியமம் இதற்கு நேர் எதிரானது. வார்னர் ஓலண்ட் ஸ்வீடனில் பிறந்தவர், சார்லி சான் என்ற சீனத் துப்பறிவாளராகப் படம் படமாக நடித்தார். அவர் இறந்தபின் அந்த வேடம் சிட்னி டோலருக்குப் போனது. அவர் மிசூரிக்காரர். வெள்ளையர் சீனனை முகமூடியாக அணியலாம். அதற்குப் பெயர் நடிப்பு. சீனன் வெள்ளையனுக்கு முகமூடி மாட்டினால் அதற்குப் பெயர் என்ன? பதிப்பகங்கள் திருப்பி அனுப்பின. சியாங் அந்த மறுப்புக் கடிதங்களை எடுத்து, தானே அச்சிட்ட நாவலின் முகப்பில் சேர்த்துக் கட்டிவிட்டார். வாசகன் நாவலுக்குள் நுழைய வேண்டுமென்றால் மறுப்புகளின் வழியாகத்தான் நுழைய வேண்டும்.

இதைக் கோமாளித்தனம் என்பவர்கள் உண்டு. எனக்கு இது முதல்தரமான வடிவப் பிரக்ஞையாகப் படுகிறது. மறுப்பு, புத்தகத்துக்கு வெளியே நடந்த ஒரு துரதிர்ஷ்டமாக இருந்தவரை அது பதிப்பாளரின் சொத்து. புத்தகத்துக்குள் வந்தவுடன் அவரும் ஒரு பாத்திரம், மிஸ்டர் சிஸ்டத்தின் உறவுக்காரர். இன்னொன்றும் செய்தார். தன் நாவல்களுக்குள்ளேயே, தன் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு விற்க அலையும் எழுத்தாளராகத் தானும் ஒரு நிமிஷம் வந்து போவார். கதாநாயகன் இல்லை, சூத்திரதாரியும் இல்லை. யாரும் வாங்காத புத்தகத்தை நீட்டுபவன். சொல்லப்போனால் அதுதான் அவர் செய்த முதல் சில்லறை வேடம். எழுதியவரும் அவரே, நடித்தவரும் அவரே. புத்தகத்தைப் பையில் போட்டுக்கொண்டு கூட்டம் முடியும் வாசலில் நின்றவர்கள் இந்தப் பத்திரிகையின் வாசகர்களில் இருக்கிறார்கள். அந்த நிமிஷத்தின் கேலி யார் மேல் விழுகிறது என்று அவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

இனி ஹாலிவுட். 1942-ல் அமெரிக்க அரசு மேற்குக் கடற்கரையிலிருந்த ஜப்பானிய-அமெரிக்கர்களைக் குடும்பம் குடும்பமாக முகாம்களுக்கு அனுப்பியது. அதே சமயத்தில் ஸ்டூடியோக்களுக்கு ஜப்பானியர்கள் தேவைப்பட்டார்கள். யுத்தப் படங்கள் எடுக்க எதிரி வேண்டும், எதிரிக்கு முகம் வேண்டும். சீனர்களும் கொரியர்களும் அந்த இடத்தை நிரப்பினார்கள். ஹவாயில் பிறந்த சீன வம்சாவளியினர் ரிச்சர்ட் லூ, ஜப்பானியத் தளபதியாகவே அறியப்பட்டார். ஜப்பானியக் கொடூரனாகத் திரும்பத் திரும்ப வந்த ஃபிலிப் ஆனின் தந்தை ஆன் சாங்-ஹோ, கொரிய விடுதலைப் போராட்டத்தின் தலைவர்களில் ஒருவர். ஜப்பானியர் சிறையில் நொந்து 1938-ல் இறந்தவர். தந்தையைக் கொன்றவர்களின் சீருடையில் மகன் கூலி வாங்கினார். குவாங்சோவில் 1904-ல் பிறந்த கீ லூக் நல்ல ஓவியர், சினிமா விளம்பரங்களுக்குப் படம் வரைந்து பிழைத்தவர். அவரை உலகத்துக்குத் தெரிந்ததோ சார்லி சானின் மூத்த மகனாக. அதாவது ஸ்வீடன்காரரின் சீன மகனாக.

சியாங் இந்த வரிசையில்தான் போய் நின்றார். 1943-ல் 'உதய சூரியனுக்குப் பின்னால்'. 1944-ல் லூயிஸ் மைல்ஸ்டோன் இயக்கிய 'பர்ப்பிள் ஹார்ட்': ஜப்பானியரிடம் பிடிபட்ட அமெரிக்க விமானிகளைக் காட்டிக்கொடுக்கும் சீன அதிகாரி அவர். நீதிமன்றத்திலேயே சொந்த மகன் அவரைக் கொல்கிறான். புரட்சிக்காக நாட்டைவிட்டு ஓடிவந்தவருக்குக் கிடைத்தது தேசத்துரோகி வேடம்.

அதே 1944-ல் 'ராஜ்யத்தின் சாவிகள்'. சீனாவுக்கு வரும் கத்தோலிக்கப் பாதிரியாராக கிரிகரி பெக். சியாங்கின் பாத்திரத்துக்குப் பெயர் ஹோசன்னா வாங்: கிறிஸ்தவராக இருப்பதற்கு மாதச் சம்பளம் கேட்கும் பேர்வழி. மனைவி ஃபிலோமினா வாங். அந்த வேடத்தில் ஸி-லான் சென். யார் இந்த ஸி-லான் சென்? மாஸ்கோவில் பயின்ற நடனக் கலைஞர். 1927-ல் குவோமிண்டாங் இடதுசாரிகளின் வுஹான் அரசில் வெளியுறவு மந்திரியாக இருந்த யூஜின் சென்னின் மகள். அந்த அரசு நிலைத்திருந்தால் இவர்கள் இருவரும் வேறு எங்கோ, வேறு எப்படியோ சந்தித்திருக்கக்கூடும். ஃபாக்ஸ் ஸ்டூடியோவில் சந்தித்தார்கள், காசுக்கு ஞானஸ்நானம் வாங்கிய தம்பதியாக. அந்தப் படத்தில் கண்ணியமான சீனக் கனவான் ஒருவர் வருகிறார், மிஸ்டர் சியா. அதை நடித்தவர் லெனர்ட் ஸ்ட்ராங், வெள்ளையர்.

1945-ல் 'சீன வானம்'. ஆர்.கே.ஓ. படம். கதை பேர்ல் பக்குடையது. சீனக் கொரில்லாத் தலைவனாக ஆன்டனி க்வின் நடிக்க, ஊர் நீதிபதியாகச் சியாங். 'நல்ல நிலம்' பேரில் ஒரு நாவல் முழுக்கத் தகராறு செய்தவர் எட்டு வருஷம் கழித்து அதே ஆசிரியையின் இன்னொரு சீனாவில் வந்து நிற்கிறார். 1950-ல் எலியா கசானின் 'தெருக்களில் பீதி'. அதில் கப்பல் சமையல்காரர். 1960-ல் மறுபடியும் மைல்ஸ்டோன் படம், 'ஓஷன்ஸ் லெவன்'. பதினாறு வருஷத்துக்கு முன் நீதிமன்றத்தில் செத்த துரோகிக்கு அதே இயக்குநர் இப்போது கொடுத்தது வீட்டு வேலைக்காரன் வேடம். யுத்தம் முடிந்ததும் எதிரிகள் குறைந்தார்கள், வேலைக்காரர்கள் கூடினார்கள். சந்தை அப்படி.

இரண்டாவது கட்சிக்காரர்கள் இங்கேதான் பூதக்கண்ணாடியோடு வருகிறார்கள். ஹோசன்னா வாங்கின் பணிவில் ஏளனம் இருக்கிறதாம். நீதிபதியின் பார்வையில் எதிர்ப்பு இருக்கிறதாம். நான் அந்தப் படங்களைப் பார்த்தேன். இருப்பது ஹோசன்னா வாங்தான். அந்த வேடத்தை எழுதியவன் என்ன கேட்டானோ அதைச் சியாங் கொடுத்திருக்கிறார், சற்றுக் கூடுதலாகவே கொடுத்திருக்கிறார். ஒரு நிமிஷ வேடத்தில், இன்னொருவன் எழுதிய வசனத்தில், இன்னொருவன் வைத்த விளக்கில், இன்னொருவன் வெட்டிய நீளத்தில் ஒரு நடிகன் ரகசியமாகக் கலகம் செய்தான் என்று சொல்வது, கலகத்தை அவ்வளவு மலிவாக்குவது. இந்த வாதத்துக்கு ஒரு உள்நோக்கமும் இருக்கிறது. அவர் ரகசியமாகக் கலகம் செய்தார் என்றால் அந்த ஸ்டூடியோ முறையில் அதற்கு இடமிருந்தது என்று ஆகிறது. இடமிருக்கவில்லை. இல்லாததை இருப்பதாகக் காட்டுவது சியாங்குக்குச் செய்யும் மரியாதை அல்ல. ஸ்டூடியோவுக்குத் தரும் நற்சான்றிதழ்.

சரி, அப்படியானால் விலைபோனார் என்ற முதல் கட்சிதான் சரியா? விற்பதற்கு ஒன்று இருந்து, அதை வாங்க ஒருவன் வந்தால்தான் விலைபோவது என்ற பேச்சு பொருந்தும். சியாங் விற்க அலைந்தது வாக்கியத்தை. நியூயார்க் முழுக்க நடந்தார், ஆள் ஆளாகப் பிடித்தார், ஐம்பது பேரிடம் நீட்டினால் ஒருவர் வாங்கினால் அதிகம். வாக்கியத்துக்கு விலையில்லை. முகத்துக்கு இருந்தது. அவர் விற்கவே நினைக்காத ஒன்றை, பிறப்பால் கூட ஒட்டிவந்த ஒன்றை, எடுத்துக்கொண்டு கூலி கொடுத்தார்கள். சலவைக்காரன் கையை விற்பதும் இப்படித்தான். சலவைக்காரனை விலைபோனவன் என்று யாரும் சொல்வதில்லை. எழுத்தாளன் என்றால் மட்டும் அவனுடைய சோற்றுக்கு வேறு சட்டம்: பள்ளிக்கூடத்தில் வாத்தியாராக இருக்கலாம், தபாலாபீஸில் முத்திரை குத்தலாம், அதெல்லாம் எழுத்தைப் பாதிக்காத சுத்தமான உத்தியோகம், சினிமாவில் ஒரு ஓரத்தில் நின்றால் ஆத்மா கெட்டுவிடும். இந்தச் சுத்தம் அசுத்தம் எனக்குப் புரிந்ததே இல்லை. தாசில்தார் கையெழுத்திலும் வசனம் இன்னொருவனுடையதுதான்.

இந்த மூன்று கட்சியும் காணத் தவறிய ஒரு விஷயம் அந்த ஹாலிவுட் வருஷங்களின் நடுவிலேயே இருக்கிறது. சியாங் லாஸ் ஏஞ்சலஸில் ஒரு சின்ன அரங்கில் ஹாம்லெட்டைத் தனி ஆளாக நடித்துவந்தார். ஒருமுறை இருமுறை அல்ல, வருஷக்கணக்கில். ஒரே சீனர், டென்மார்க் அரண்மனை முழுவதும். இளவரசரும் அவரே, ஆவியும் அவரே, மன்னனும் அவரே. வந்து பார்த்தவர்களில் சிலர் அதை வேடிக்கையாகப் பார்த்துச் சிரித்தார்கள் என்றும் படிக்கிறோம். சிரிக்கட்டும். அந்த மேடையின் அமைப்பைப் பாருங்கள். தனிநபர் நாடகத்தில் வேடம் பிரித்துக் கொடுப்பவன் இல்லை. 'உன் முகத்துக்கு இது' என்று சொல்ல ஆளில்லை. வேலைக்காரன் வேடம் வேண்டுமென்றாலும் அவராக எடுத்துக்கொண்டால்தான் உண்டு. பதிப்பாளன் இல்லாத புத்தகத்துக்கும் வேடம் பிரிப்பவன் இல்லாத மேடைக்கும் வடிவம் ஒன்றே. 1935-ல் தாளில் செய்ததை அவர் பிறகு உடம்பில் செய்தார். மாணவர், துரோகி, சமையல்காரர் என்று பிறர் பிரித்துக் கொடுத்த வேடங்களால் பகல் நிறைந்த ஒரு மனிதர், அத்தனை வேடங்களையும் மாலையில் தானே எடுத்துக்கொண்டார்.

ஆக, 1937-க்குப் பிறகு எழுத்தாளர் செத்து நடிகர் பிழைத்தார் என்பது பொய்க்கணக்கு. எழுத்தாளருக்குள் நடிகர் ஆரம்பத்திலிருந்தே இருந்தார். முகமூடிகளாலான அந்த நாவலை எழுதியதும் அவர்தான், அதன் ஓரத்தில் புத்தகம் விற்க நின்றதும் அவர்தான். சியாங்கின் நாவலில் வகைமாதிரி என்பது அங்கதத்தின் ஆயுதம்: முதலாளித்துவம் மனிதர்களை வகையாக்குகிறது, இதோ பார் என்று காட்டுவது. ஸ்டூடியோவில் வகைமாதிரி என்பது சரக்கு. ஒரே மனிதர் இரண்டு பக்கமும் நின்றார். முகமூடி செய்தவரே முகமூடியாக வாடகைக்குப் போனார். இந்த வாழ்க்கையில் விமர்சனத்துக்கு விஷயம் இருப்பது இந்த இடத்தில்தான்.

அமெரிக்கா முதலில் அவருடைய முகத்தை எடுத்துக்கொண்டு வாக்கியத்தைத் தள்ளியது. இப்போது வாக்கியத்தை எடுத்துக்கொண்டு முகத்தைத் தள்ளுகிறது. நாவலாசிரியர் சியாங் கிளாசிக்ஸ் வரிசையில். நடிகர் சியாங் ஆசிரியர் குறிப்பில் ஒரு வரி, 'பிற்காலத்தில் சில படங்களில் நடித்தார்'. இரண்டு முறையும் மனிதர் பாதியாக வெட்டப்படுகிறார். இரண்டாவது வெட்டு அன்போடு வெட்டப்படுகிறது என்பதால் வலிக்காது என்று நினைக்க வேண்டாம். 'மறக்கப்பட்ட மேதை' என்பதும் ஒரு சில்லறை வேடம்தான். அதற்கும் வசனம் ஏற்கெனவே எழுதப்பட்டிருக்கிறது: அவதிப்பட வேண்டும், புரிந்துகொள்ளப்படாமல் இருக்க வேண்டும், செத்தபிறகு பின்வந்தவர்களின் பெருந்தன்மைக்குச் சாட்சியாக நிற்க வேண்டும். ஹோசன்னா வாங்குக்காவது சம்பளம் இருந்தது.

அவரைப் படிப்பதென்றால் முழுக்கப் படிக்க வேண்டும். நாவலை எடுக்கும் கையோடு 'ராஜ்யத்தின் சாவிக'ளையும் 'சீன வான'த்தையும் பார்க்க வேண்டும். அந்த அரை நிமிஷங்கள் கூசும், கூசட்டும். நாவலில் பலவீனமான இடத்தைப் பலவீனம் என்று சொல்ல வேண்டும், அவர் சீனர் என்பதற்காக விட்டுக்கொடுக்கக் கூடாது. படத்தில் கூலியைக் கூலி என்று சொல்ல வேண்டும், எழுத்தாளர் என்பதற்காகப் பூசி மெழுகக் கூடாது. தன் கடைசி நாவலுக்கு அவர் வைத்த தலைப்பு சீனாவுக்குக் கைகள் உண்டு என்பது. முகம் உண்டு என்றல்ல. முகத்தை யார் வேண்டுமானாலும் சாயம் பூசி எடுத்துக்கொள்ளலாம் என்பதை அவர் அந்த வருஷத்துப் படத்திலேயே பார்த்தாயிற்று. துவைத்தது, பரிமாறியது, அச்சடித்தது, தெருவில் புத்தகத்தை நீட்டியது, ஸ்டூடியோ வாசலில் கூலி வாங்கியது எல்லாம் அந்தக் கைகள்தான்.